கோர்ட்டில் உண்மையை வரவைத்த ‘பெர்ரி மேசன்’... வெளியில் சொல்ல முடியாமல் போன சொந்தக் கதை! யார் இந்த ரேமண்ட் பர்?

கொலை கேஸ். குற்றவாளிக் கூண்டில் ஒரு அப்பாவி. சாட்சிகள் எல்லாமே எதிரா இருக்கும். அப்போ வக்கீல் எழுந்து நாலு கேள்வி கேட்பார். நிஜக் கொலையாளியே உண்மையைக் கக்கிடுவார். அமெரிக்காவின் சிபிஎஸ் டிவியில் 1957 முதல் 1966 வரை 271 எபிசோடு ஓடிய ‘பெர்ரி மேசன்’ தொடரின் ஃபார்முலா இதுதான். அந்த வக்கீல்தான் ரேமண்ட் பர்.

வில்லன் டூ ஹீரோ

1917-ல் கனடாவில் பிறந்தவர் பர். பெரிய உடம்பு, கனத்த குரல். அதனால் சினிமாவில் கிடைத்ததெல்லாம் வில்லன் வேஷம்தான். 1954-ல் வெளியான ஹிட்ச்காக்கின் ‘ரியர் விண்டோ’ படத்தில் எதிர்வீட்டுக் கொலைகாரர் இவர்தான்.

பெர்ரி மேசன் தொடருக்கும் முதலில் அரசு வக்கீல் வேஷத்துக்குத்தான் வந்தார். உடம்பைக் குறைத்தால் ஹீரோவாகவே நடிக்கலாம் என்றது தயாரிப்புத் தரப்பு. குறைத்தார், ஜெயித்தார். 1959, 1961 என 2 எம்மி விருதுகள்!

சக்கர நாற்காலி ஹீரோ

அடுத்தது ‘அயர்ன்சைடு’. துப்பாக்கிச் சூட்டில் நடக்க முடியாமல் போன போலீஸ் அதிகாரி, சக்கர நாற்காலியில் இருந்தபடியே துப்பு துலக்குவார். மாற்றுத்திறனாளி ஹீரோ என்பதே அபூர்வமா இருந்த காலத்தில், 1967 முதல் 1975 வரை இந்தத் தொடர் ஓடியது.

மறைத்தது ஏன்?

பர் ஒரு தன்பாலின ஈர்ப்பாளர். அவர் ஸ்டாரான 1957-ல் அமெரிக்கா முழுக்க தன்பாலின உறவு சட்டப்படி குற்றம். விஷயம் வெளியே வந்தா வேலையே போயிடும்.

1948-ல் நடந்த அவரது ஒரே திருமணம் சீக்கிரமே முறிந்தது. ஆனால், மேலும் 2 மனைவிகள் இருந்து இறந்ததாகவும், ஒரு மகன் 10 வயதில் ரத்தப் புற்றுநோயில் போய்விட்டதாகவும் பத்திரிகைகளில் செய்தி வந்தது. அவர்கள் வாழ்ந்ததற்கு எந்த ஆதாரமும் கிடைக்கவில்லை. துக்கத்தில் இருப்பவரிடம் யாரும் துருவித் துருவிக் கேட்க மாட்டார்கள் இல்லையா? அந்தக் கதைகள்தான் அவருக்குக் கவசம் ஆச்சு.

நிஜத்தில் அவரது துணை ராபர்ட் பெனவிடஸ். 30 ஆண்டுகளுக்கும் மேலாகச் சேர்ந்து வாழ்ந்தார்கள். ஆர்க்கிட் பூச்செடிகள் வளர்த்தார்கள், கலிஃபோர்னியாவில் திராட்சைத் தோட்டம் போட்டார்கள்.

கடைசி வரை நடிப்பு

1985-ல் பெர்ரி மேசன் டிவி படங்களாகத் திரும்பியது. பர் நடித்தது மட்டும் 26. புற்றுநோயோடு போராடிக்கொண்டே கடைசிப் படத்தை முடித்தார். 1993 செப்டம்பர் 12-ல், 76 வயதில் இறந்தார். அந்தப் படம் ஒளிபரப்பானபோது அவர் உயிரோடு இல்லை.

அவரது இரங்கல் செய்திகளிலும் அந்த மனைவிகள், மகன் கதை இடம்பிடித்தது. சொத்துகளை மட்டும் பெனவிடஸுக்கே எழுதி வைத்திருந்தார். டிவியில் எத்தனையோ பேரை உண்மை பேச வைத்தவர், தன் உண்மையைச் சொன்னது அந்த உயிலில்தான்.