சமயப் பெரியவர்களை ஒரே மேசைக்கு அழைத்த மௌலானா

சிங்கப்பூரில் எஃப்1 கார்ப் பந்தயம் தொடங்கும் முன், பல சமயப் பெரியவர்கள் அவரவர் உடையில் வரிசையாக நின்று பிரார்த்தனை செய்யும் படங்களைப் பலர் பார்த்திருப்பார்கள். அவர்கள் 'சமயங்களுக்கு இடையிலான அமைப்பை'ச் சேர்ந்தவர்கள். இன்று பத்துச் சமயங்கள் அதில் உள்ளன. அதற்கு வித்திட்டவரின் பெயர்தான் பலருக்கும் தெரிவதில்லை.

மௌலானா அப்துல் அலீம் சித்திக்கி, வட இந்தியாவின் மீரட் நகரில் 1892ஆம் ஆண்டு பிறந்தார். மார்க்கக் கல்வியோடு கல்லூரிப் படிப்பும் படித்தவர். உருதுவிலும் ஆங்கிலத்திலும் சரளமாகச் சொற்பொழிவாற்றுவார். விமானப் பயணம் அரிதாக இருந்த காலத்தில் இலங்கை, மலாயா, மொரீஷியஸ், தென்னாப்பிரிக்கா, டிரினிடாட் என்று கப்பலேறிச் சுற்றியவர். 1935ல் கென்யாவின் மொம்பாசாவில் நாடக ஆசிரியர் பெர்னார்ட் ஷாவைச் சந்தித்துச் சமயம் குறித்து நீண்ட நேரம் உரையாடினார். அந்த உரையாடல் பின்னர் சிறு நூலாகவும் வந்தது.

ஒன்றைச் சொல்லியாக வேண்டும். மௌலானா சமயப் பிரசாரகர். இஸ்லாத்தை எடுத்துச் சொல்லவே ஊர் ஊராகப் போனார். சிங்கப்பூரில் இன்று 'ஜாமியா' எனப்படும் முஸ்லிம் சங்கம் 1932ல் உருவாகத் தூண்டுகோலாக இருந்தவரும் அவரே. எல்லாச் சமயமும் ஒன்றுதான் என்று பூசி மெழுகும் ஆள் அல்லர். தம் நம்பிக்கையில் அழுத்தமாக நின்றபடியே அடுத்தவரைப் பக்கத்தில் அமர அழைத்தார். அதுதான் கடினம்.

1947ல் இந்தியா பிரிந்தபோது சமயத்தின் பெயரால் ரத்த ஆறு ஓடியது. அவருடைய குடும்பமும் பாகிஸ்தானுக்குக் குடிபெயர்ந்தது. மலாயாவிலோ ஜப்பானியர் ஆட்சியின் காயம் ஆறும் முன்பே, 1948ல் அவசரகாலம் பிறந்தது. இந்தச் சூழலில்தான் 1949 தொடக்கத்தில் சிங்கப்பூர் வந்த மௌலானா, பல சமயத் தலைவர்களும் சேர்ந்து இயங்கும் அமைப்பு ஒன்று வேண்டும் என்ற யோசனையை முன்வைத்தார். பேச்சோடு நிற்கவில்லை. அதே ஆண்டு மார்ச் 18ஆம் தேதி அமைப்பு தொடங்கப்பட்டது.

சோதனை விரைவிலேயே வந்தது. மலாய்க் குடும்பத்தில் முஸ்லிமாக வளர்ந்த டச்சுச் சிறுமி மரியா ஹெர்டோக் யாரிடம் வளர வேண்டும் என்ற வழக்கு, 1950 டிசம்பர் 11ல் கலவரமாக வெடித்தது. அவள் கன்னிமாடத்தில் இருந்த படங்கள் நாளேடுகளில் வந்து கோபத்தைக் கிளறியிருந்தன. 18 பேர் மாண்டனர். 173 பேர் காயமடைந்தனர். இரண்டு வயதுகூட நிரம்பாத அமைப்பால் அதைத் தடுக்க முடியவில்லை. ஆனால், அதோடு அமைப்பு கலைந்துபோகவும் இல்லை.

மௌலானா 1954ல் மதினாவில் காலமானார். அங்கேயே நல்லடக்கம் செய்யப்பட்டார். சிங்கப்பூரின் தெலுக் குராவ் பகுதியில் உள்ள ஒரு பள்ளிவாசல் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.