நாடகத் தியாகி விசுவநாததாஸ்

நாட்டுத் தொண்டு செய்வோர் பல திறத்தினர். பேச்சால் மக்களை எழுப்பியவர் சிலர். எழுத்தால் எழுப்பியவர் சிலர். தமக்கு வாய்த்த இனிய குரலையே நாட்டுக்குக் காணிக்கையாக்கி, மேடையிலேயே உயிர் நீத்தவர் விசுவநாததாஸ்.

இவர் 1886ஆம் ஆண்டு சூன் 16ஆம் நாள் சிவகாசியில் பிறந்தார். தந்தையார் சுப்பிரமணியம்; தாயார் ஞானாம்பாள். முடி திருத்துதலும் நாட்டு மருத்துவமும் அக்குடியினரின் தொழில்கள். இசையிலும் நடிப்பிலும் நாட்டங்கொண்ட விசுவநாததாஸ், பின்னாளில் மதுரையை அடுத்த திருமங்கலத்தில் குடியேறினார். அவ்வூரிலிருந்து இராசபாளையம் செல்லும் பெருவழியில்தான் டி. கல்லுப்பட்டி உள்ளது.

அந்நாளில் இப்பகுதி ஊர்களில் திருவிழா என்றால் விடிய விடிய நாடகம் நடக்கும். நடிகர்கள் வெவ்வேறு ஊர்களிலிருந்து தனித்தனியே வருவர்; ஒத்திகை பாராமலே மேடை ஏறுவர். கதை ஒன்றாயினும், பாட்டும் மறுமொழியும் அவரவர் திறமைக்கேற்ப அமையும். இதனை ‘ஸ்பெஷல் நாடகம்’ என்பர். இம்முறையே விசுவநாததாசுக்கு ஒரு வாயிலைத் திறந்தது.

வள்ளி திருமணக் கதையில் தினைப்புனத்துப் பறவைகளை ஓட்டும் காட்சி உண்டு. மதுரகவி பாஸ்கரதாஸ் கொக்கைப் பற்றி ஒரு பாட்டு இயற்றியிருந்தார். விசுவநாததாஸ் அதனைப் பாடும்போது, அந்த வெள்ளைக் கொக்கு உண்மையில் யாரென்பதை மக்கள் நன்கறிந்தனர். நாட்டின் செல்வத்தைக் கொத்திச் செல்லும் அயலாட்சியே அது! 1919ஆம் ஆண்டு பஞ்சாபில் நிகழ்ந்த படுகொலையையும் அவர் பாடலால் மக்களுக்கு உணர்த்தினார். செய்தித்தாள் படிக்க அறியாத உழவரும் நாட்டு நடப்பை அவர் பாட்டால் அறிந்தனர்.

ஆங்கில அரசு இதனைப் பொறுக்கவில்லை. நாடகங்களைத் தடை செய்யும் சட்டம் 1876ஆம் ஆண்டிலேயே இயற்றப்பட்டிருந்தது. காவலர்கள் கொட்டகையில் காத்திருப்பர். தாசரோ அஞ்சாது பாடுவார். பலமுறை அவர் சிறை புகுந்தார். விடுதலை பெற்றதும் மீண்டும் மேடை ஏறுவார். மீண்டும் அதே பாட்டைப் பாடுவார். காந்தியடிகளின் வழியைப் பின்பற்றிக் கதராடையே அணிந்தார். ஈட்டிய பொருள் கரைந்தது, கடன் பெருகியது, எனினும் கொண்ட கொள்கை தளரவில்லை.

அயலார் இழைத்த துன்பத்தோடு, தம்மவர் இழைத்த துன்பமும் அவருக்கு இருந்தது. அவருடைய குலத்தைக் காட்டி, அவரோடு இணைந்து நடிக்க மறுத்த நடிகையரும் உண்டு. மேடையில் அவரை முருகனாகக் கண்டு கைகூப்பிய ஊரிலேயே, மேடையை விட்டு இறங்கியதும் குலம் பார்ப்போர் இருந்தனர். அவரோ எவரையும் வெறுத்தாரல்லர். தம் கலையாலேயே அந்த இழிவுக்கு விடையளித்தார்.

1940ஆம் ஆண்டு திசம்பர் 31ஆம் நாள் இரவு, சென்னை இராயல் அரங்கில் வள்ளி திருமண நாடகம் நடைபெற்றது. முருகன் வேடம் பூண்டு, மயில் மீது அமர்ந்து பாடிக்கொண்டிருந்த விசுவநாததாசின் குரல் இடையிலே நின்றது. அவர் உயிரும் பிரிந்தது. அப்போது அவருக்கு வயது 54. விடுதலை மலர இன்னும் ஏறக்குறைய ஏழாண்டுகள் இருந்தன.

அவர் மறைந்த அதே 1940ஆம் ஆண்டில், டி. கல்லுப்பட்டியில் காந்தி நிகேதன் ஆசிரமம் தோன்றி, கதரையும் கிராமக் கைத்தொழில்களையும் வளர்க்கலாயிற்று. கதராடையோடு வாழ்ந்து பாடியவர் மறைந்தாலும், அவர் வாழ்ந்த வட்டாரத்தில் அவர் போற்றிய நெறி வேரூன்றியது. திருமங்கலத்தில் அவருக்கு நினைவு இல்லமும் அமைந்தது.

பாடியவரைச் சிறையில் அடைக்கலாம்; கேட்டவர் நெஞ்சில் புகுந்த பாட்டை யாரால் சிறைப்படுத்த இயலும்? பெருமை பிறப்பால் வருவதன்று, தொண்டால் வருவது என்பதற்கு விசுவநாததாசின் வாழ்வே சான்றாகும்.