காதம்பினி கங்கூலி அம்மையார்

நம் சங்கத்துக் குடும்பங்களில் பெண்மக்களைப் பட்டம் பெறுமளவும் படிக்கவைத்தல் இன்று வழக்கமாகிவிட்டது. ஆயின், அப்பெண் உத்தியோகத்துக்குச் செல்ல விரும்புகின்றேன் என்று கூறுங்கால் பெற்றோர் முகம் மாறுகின்றது. புகுந்த வீட்டார் கருத்து யாதோ என்னும் ஐயம் எழுகின்றது. தடைகளைக் கடந்து உத்தியோகம் ஏற்றவளோ, தன்னினும் தகுதி குறைந்தார் தனக்கு மேலே அமர்ந்திருப்பக் காண்கின்றாள். கல்வி பெறுதல் வேறு, கற்ற தொழிலைச் செய்ய இடம் பெறுதல் வேறு என்பதைத் தம் வாழ்நாளிலேயே கண்டு, கண்டும் தளராது நின்ற வங்கநாட்டு மருத்துவப் பெண்மணி ஒருவரின் சரிதத்தை இத்திங்கள் எழுதப் புகுகின்றோம்.

காதம்பினி அம்மையார் 1861-ஆம் ஆண்டிற் பிறந்தவர். தந்தையார் பிரஜகிசோர் வஸு, பாகல்பூரில் பள்ளித் தலைமையாசிரியராக இருந்தவர்; பிரம்ம சமாஜக் கொள்கையினர். (ஆசிரியர் இல்லத்தில் இவ்வம்மையார் தோன்றினார் என்பதில் எமக்குச் சிறிது செருக்குண்டு, அன்பர்கள் பொறுத்தருள்க.) 1878-இல் கல்கத்தா சர்வகலாசாலையின் பிரவேசப் பரீட்சையில் தேறினார். மேலே படிக்கப் பெண்களுக்குக் கல்லூரி இல்லாமையால், பெத்தூன் பள்ளியில் இவர்பொருட்டே கல்லூரி வகுப்புத் தொடங்கப்பெற்றது. பின்னர் இவரும் சந்திரமுகி வஸு அம்மையாரும் பி.ஏ. தேறி, 1883-ஆம் ஆண்டுப் பட்டமளிப்பு விழாவில் பட்டம் பெற்றனர். இந்திய சர்வகலாசாலைகளிற் பட்டம் பெற்ற முதற் பெண்மணிகள் இவ்விருவரே.

இனி மருத்துவம் பயில விரும்பினார். அக்காலத்துக் கல்கத்தா வைத்தியக் கல்லூரி பெண்களைச் சேர்த்துக்கொள்வதில்லை. நம் சென்னை வைத்தியக் கல்லூரியோ 1875-லேயே மகளிரைச் சேர்த்திருந்தது. அதனாலன்றோ அபலா தாஸ் என்னும் வங்கப்பெண், பிற்காலத்தில் விஞ்ஞானி ஜகதீச சந்திர போஸின் மனைவியாரானவர், 1882-இல் அத்துணைத் தொலைவு கடந்து சென்னைக்கு வந்து மருத்துவம் பயிலத் தொடங்கினார்! காதம்பினி அம்மையார் ஊரைவிட்டுப் போகவில்லை. உள்ளூரிலேயே இடம் வேண்டினார். கல்லூரி ஆசிரியர்கள் எதிர்த்தனர். அரசாங்கம் அவர்கள் கருத்தைத் தள்ளி இவரைச் சேர்த்துக்கொள்ளுமாறு பணித்தது. இதற்காக ஓயாது வாதாடியவருள் முதல்வர் துவாரகாநாத கங்கூலி. இவர் பெண்கள் நலங்கருதி அபலாபாந்தவ் என்னும் பத்திரிகை நடத்தியவர், அம்மையாருக்கு முன்னாள் ஆசிரியர், மனைவியை இழந்தவர், வயதில் பதினேழாண்டு மூத்தவர். 1883-இல் இவ்விருவருக்கும் திருமணம் நிகழ்ந்தது. சீர்திருத்தம் பேசிய நண்பருள்ளும் பலர் இம்மணத்தை விரும்பவில்லை.

கல்லூரியில் இவர் பட்ட பாடு சிறிதன்று. இறுதிப் பரீட்சையில் ஒரு பாடத்தில் தவறினாரென்று எம்.பி. பட்டம் மறுக்கப்பெற்றது. பெண்கள் மருத்துவம் பயில்வதையே வெறுத்த ஆசிரியர் ஒருவரே அப்பாடத்துக்கு மதிப்பெண் இட்டவர் என்று கூறுவர். கல்லூரித் தலைவர் வழங்கிய ஜி.பி.எம்.சி. என்னும் பட்டயத்தோடு 1886-இல் இவர் வெளிவந்தார். இதற்கிடையில் மகவு ஒன்றும் பிறந்தது. பிரசவத்துக்காகப் பதின்மூன்று நாட்களே இவர் கல்லூரிக்கு வாராதிருந்தார் என்பதைக் கேள்வியுற்று வியந்து, இங்கிலாந்திலிருந்த பிளாரன்ஸ் நைட்டிங்கேல் அம்மையார் 1888-இல் ஒரு கடிதத்திற் குறித்திருக்கின்றார். வியத்தற்குரியதே. ஆயினும், பிள்ளை பெற்ற பெண்ணுக்குப் பதின்மூன்று நாட்களே ஓய்வு என்பது புகழ்தற்குரியதோ, இரங்குதற்குரியதோ என்று எமக்குத் தோன்றாமலில்லை.

1888-இல் டப்பரின் சீமாட்டி பெண்கள் மருத்துவசாலையில் திங்கள் 300 ரூபாய் ஊதியத்தில் அமர்ந்தார். அக்காலத்தில் அஃது ஓர் ஆடவருக்கும் பெருஞ்சம்பளமே. சம்பளம் வந்தது, மதிப்பு வரவில்லை. ஐரோப்பியப் பெண் மருத்துவர்கள் மேலிடங்களைப் பெற, இவர் பட்டம் குறைந்தவரென்று ஒதுக்கப்பெற்றார். வெளியிலும் இதே நிலைதான். செல்வர் வீடொன்றிற் பிரசவம் பார்க்கச் சென்ற இவரை மருத்துவச்சிப் பணிப்பெண்ணாகவே கருதி, வேலைக்காரரோடு உணவிட்டு, உண்ட இடத்தையும் கழுவச் சொன்னார்கள் என்று ஒரு செய்தி வழங்குகின்றது. ஆண் மருத்துவரை மருந்து கொடுக்கும் தெய்வமென்று வணங்கும் வீடுகளே இவை என்பதை நினைக்கவேண்டும்.

இவற்றினும் கொடியது 1891-இல் நேர்ந்தது. வங்கவாசி என்னும் பத்திரிகை, இரவும் பகலும் பிறர் வீடு சென்று தொழில் செய்யும் இவரை விலைமகளென்னும் பொருள்பட எழுதிவிட்டது. இத்தகைய வசை கேட்டால் நம்மவர் யாது செய்வர்? பெண்ணை வேலையினின்று நிறுத்தி, வாய்மூடி வீட்டினுள் இருத்துவர். பழித்தவன் தெருவில் தலைநிமிர்ந்து நடப்பான். கங்கூலி தம்பதிகள் அங்ஙனம் செய்யவில்லை. வழக்குத் தொடுத்தார்கள். பத்திரிகாசிரியர் குற்றவாளியென்று தீர்ப்பாகி, ஆறு திங்கட் சிறையும் நூறு ரூபாய் அபராதமும் பெற்றார். அம்மையாரோ தம் தொழிலை விட்டாரல்லர்.

பட்டம் குறைந்தவரென்னும் பேச்சை ஒழிக்க ஒரு வழியே இருந்தது. 1893-இல், சிறு குழந்தைகளை வீட்டார் பொறுப்பில் விட்டு, இவர் கப்பலேறிச் சீமைக்குச் சென்றார். எடின்பரோவிலும் கிளாஸ்கோவிலும் உள்ள மருத்துவ, ரணசிகிச்சைக் கழகங்களின் பட்டயங்கள் மூன்றையும் அவ்வாண்டிலேயே பெற்று மீண்டார். மூன்று பட்டயங்களோடு வந்தபின் மருத்துவசாலையில் உயர்ந்த பதவி கிடைத்தது. சிலகாலத்துக்குப்பின் அதனையும் விடுத்துத் தனியே தொழில் நடத்தினார். நேபாள அரச குடும்பத்துக்கும் மருத்துவம் செய்தார்.

நிற்க. உத்தியோகம் பார்க்கும் பெண்ணுக்கு வீட்டுநினைவு இராதென்பார் உளர். துவாரகாநாதரின் முதல் மனைவியின் மக்களும் தம் மக்களும் ஆகக் குழந்தைகள் எண்மரைக் கொண்ட குடும்பம் இவ்வம்மையாருடையது. நோயாளிகளைக் காணக் குதிரைவண்டியிற் செல்லும் நேரத்தை வீணாக்காமல், வண்டியிலிருந்தபடியே மெல்லிய சரிகைப்பின்னல் வேலை செய்து கொண்டிருப்பாராம். 1898-இல் கணவர் இறந்தார். பின்னும் இருபத்தைந்தாண்டு தொழிலை நடத்தினார்.

பொதுப்பணியைச் சுருக்கிக் கூறுவோம். 1889-இல் பம்பாய்க் காங்கிரஸுக்குச் சென்ற முதற் பெண் பிரதிநிதிகளுள் இவர் ஒருவர். தமிழ்மக்கள் பலர் சிறைபுகுந்த டிரான்ஸ்வால் சத்தியாக்கிரகத்துக்குப் பரிவு காட்ட 1908-இல் கல்கத்தாவில் கூடிய கூட்டத்துக்குத் தலைமை வகித்து, பொருளும் திரட்டினார்.

மருத்துவசாலையில் தாம் பட்ட இழிவை மறவாமையாற்போலும், முதுமையில் தம்மினும் தாழ்ந்த நிலையில் உழைத்த பெண்களை நாடிச் சென்றார். பீகார் நிலக்கரிச் சுரங்கங்களில் அந்நாளில் ஆடவன் நிலத்தடியிற் கரி வெட்ட, அவன் மனைவி கூடையிற் சுமந்து சென்று கொட்டுவாள். குழந்தைகளையும் உடன்கொண்டு இறங்குவதுண்டு. 1922-இல், அறுபதைக் கடந்த வயதில், கவிஞர் காமினி ராய் அம்மையாரோடு பீகார், ஒரிஸாப் பகுதிகளுக்குச் சென்று, இப்பெண்களின் நிலையை ஆராய்ந்தார். 1929-இல் அரசாங்கத்தார் விதி வகுத்துப் பெண்களை நிலத்தடி வேலையினின்று படிப்படியாக விலக்கினர். கொடுமை குறைந்தது உண்மை. கூலியும் போயிற்று என்பதும் உண்மை. இழந்த கூலிக்கு ஈடாக வேறு தொழில் தருவதைப்பற்றி அவ்விதிகளை வகுத்தோர் மிகுதியும் கவலைகொண்டாரில்லை.

அவ்விதிகள் வருமுன்பே அம்மையார் மறைந்தார். 1923-ஆம் ஆண்டு அக்டோபர் 3-ஆம் நாள் நோயாளி ஒருவருக்கு ரணசிகிச்சை செய்து முடித்து வீடு திரும்பினார்; அன்றே உயிர் நீத்தார்.