காந்தியைத் தேடி லட்சம் மைல்!

1937-ஆம் ஆண்டு அக்டோபர் 2-ந் தேதி. நியூயார்க்கிலிருந்து அயர்லாந்துக்கு ஒரு கப்பல் போய்க் கொண்டிருந்தது. அதில் ஒரு தமிழ் இளைஞர் இருந்தார். வயது 25.

அன்று காந்தியடிகளின் பிறந்த நாள். நடுக்கடலில் அந்த இளைஞருக்கு ஓர் ஆசை பிறந்தது. காந்தியடிகளின் வாழ்க்கையைப் படமாக்க வேண்டும். அதில் நடிகர்கள் கூடாது. உண்மையில் நடந்தபோது எடுத்த காட்சிகள் மட்டுமே இருக்க வேண்டும்!

அவர்தான் ஏ.கே. செட்டியார். காரைக்குடிக்குப் பக்கத்தில் உள்ள கோட்டையூரில் 1911-ல் பிறந்தவர். ஜப்பானிலும் அமெரிக்காவிலும் போட்டோப் பிடிக்கும் கலையைப் படித்தவர்.

எங்கே இருந்தன?

ஆசைப்படுவது எளிது. படச்சுருள்கள் எங்கே?

1930-ல் காந்தியடிகள் உப்பு எடுக்கத் தண்டிக்கு நடந்தார். அந்தக் காட்சிகளைப் பலர் படம் பிடித்தார்கள். அவற்றைக் காட்டக் கூடாது என்று வெள்ளைக்கார அரசு தடை போட்டது. ஆகவே பல சுருள்கள் மூலையில் முடங்கிக் கிடந்தன.

சுருளைப் பெட்டியில் பூட்டி வைத்தால் போதும் என்று நினைக்கக் கூடாது. அந்தக் காலத்துப் பிலிம் சீக்கிரம் தீப்பற்றும். நாளானால் தானே கெட்டுவிடும். தேடுகிறவர் தாமதித்தால், காட்சி போயே போய்விடும்.

செட்டியார் புறப்பட்டார். ஐரோப்பா, அமெரிக்கா, தென்னாப்பிரிக்கா என்று சுற்றினார். இந்தியாவிலும் ஊர் ஊராக அலைந்தார். மொத்தம் சுமார் ஒரு லட்சம் மைல்! விமானத்தில் பறந்து திரும்பும் காலமா அது? பெரும்பாலும் கப்பலும் ரயிலும்தான்.

முப்பது ஆண்டுகளில் சுமார் நூறு பேர் எடுத்த காட்சிகள் சேர்ந்தன. நீளம் 50,000 அடி. விடாமல் ஓட்டினால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும். அதை வெட்டி, ஒட்டி, 12,000 அடியாகச் சுருக்கினார்.

போர் வந்தது

1940 ஆகஸ்டு 23-ந் தேதி தமிழ்ப் படம் வெளிவந்தது. பிறகு தெலுங்கிலும் வந்தது.

ஆனால் அது உலகப் போர்க் காலம். காந்தியடிகளின் படத்தைத் திரையிடக் கொட்டகைக்காரர்கள் பயந்தார்கள். இத்தனை பாடுபட்ட படம் அதிக நாள் ஓடவில்லை. 1947-ல் இந்தியிலும், 1953-ல் அமெரிக்காவில் ஆங்கிலத்திலும் வந்தது. முதலில் வந்த தமிழ்ப் படமோ காலப்போக்கில் மறைந்து போயிற்று.

செட்டியாரின் தேடும் குணம் மட்டும் போகவில்லை. 1943-ல் தொடங்கிய 'குமரி மலர்' பத்திரிகையை நாற்பது ஆண்டுகள் நடத்தினார். மறந்துபோன பழைய தமிழ்க் கட்டுரைகளைத் தேடி எடுத்து அதில் அச்சிட்டார். படத்துக்காக அலைந்த கதையையும் அதிலேயே எழுதினார்.

1983 செப்டம்பரில் அவர் காலமானார். இருபது ஆண்டு கழித்து, 2003-ல், அந்தக் கதை 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற பெயரில் புத்தகமாக வந்தது.