சந்தையை வகுப்பறைக்குள் கொண்டுவந்தவர்

இரண்டாம் ஆண்டு மாணவன், மின்னியல் துறை



எங்க குடும்பத்தில் பள்ளிக்கூடத்தைத் தாண்டிப் படிக்க வந்த முதல் ஆள் நான்தான். மின்னியல் படிக்கிறவனுக்குப் பொருளாதாரத்தில் என்ன வேலை என்று நீங்கள் கேட்கலாம். காரணம் ஒரு மாடு!

என்னை பாலிடெக்னிக்கில் சேர்ப்பதற்காக எங்க அப்பா ரெண்டாம் ஈத்துக் கறவை மாட்டைச் சந்தைக்கு ஓட்டிப் போனார். நானும் கூடப் போனேன். அங்கே விலை பேசும் விதம் கிராமத்து நண்பர்களுக்குத் தெரியும். கை மேல் துண்டைப் போட்டுக்கொண்டு, உள்ளே விரலைப் பிடித்துப் பேசுவார்கள். பக்கத்தில் நிற்கிறவனுக்கு ஒன்றும் தெரியாது. 31,000 ரூபாய்க்கு மாடு கை மாறியது. அப்புறம் டீக்கடையில் நிற்கும்போது, அதே மாதிரி மாடு ஒன்று அன்று காலையிலேயே 38,000-க்குப் போனதாகக் காதில் விழுந்தது. அப்பா ஒன்றுமே பேசவில்லை. நான்தான் மனசுக்குள், அப்பாவுக்கு விவரம் பத்தாது என்று நினைத்துக்கொண்டேன்.

அந்த நினைப்பை மாற்றியவர் 1967-இல் காலமான ஓர் அமெரிக்கப் பேராசிரியர். பெயர் எட்வர்ட் சேம்பர்லின். வினாடி வினாப் போட்டிக்காக நோபல் பரிசு பெற்றவர்களைப் பற்றி நூலகத்தில் படித்துக்கொண்டிருந்தேன். மின் பொறியியலில் பட்டம் வாங்கிவிட்டுப் பொருளாதாரத்தில் நோபல் வாங்கிய வெர்னான் ஸ்மித் என்பவர் கண்ணில் பட்டார். அவரைத் தொடர்ந்து போனால் அவருடைய ஆசிரியரிடம் போய் நின்றேன். அந்த ஆசிரியரின் கதைதான் இது.

பிறப்பும் படிப்பும்

சேம்பர்லின் 1899-ஆம் ஆண்டு மே 18-ஆம் தேதி, அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில் லா கானர் என்ற சிற்றூரில் பிறந்தார். அயோவா பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்றார். அங்கே ஃபிராங்க் நைட் என்ற பெரிய பொருளியல் அறிஞர் அவருக்கு ஆசிரியராக இருந்தார். பிறகு மிச்சிகனில் முதுகலை படித்து, அங்கிருந்து ஹார்வர்ட் போனார். 1927-இல் டாக்டர் பட்டம் பெற்றார். அந்த ஆராய்ச்சியை மேலும் ஆறு ஆண்டுகள் செதுக்கி 1933-இல் புத்தகமாகக் கொண்டுவந்தார். முற்றுரிமைப் போட்டிக் கோட்பாடு பற்றிய அந்த நூலால்தான் உலகம் முழுக்கப் பொருளாதார மாணவர்களுக்கு அவர் பெயர் தெரியும்.

அதற்கு முன் பாடப்புத்தகங்களில் பெரும்பாலும் ரெண்டே விதமான சந்தைதான். ஒன்று, எல்லோரும் ஒரே பொருளை விற்கும் நிறைவுப் போட்டி. மற்றொன்று, ஒருத்தரே விற்கும் முற்றுரிமை. நிஜத்தில் அப்படியா இருக்கிறது? நம்ம கல்லூரி வாசலில் மூன்று டீக்கடை இருக்கிறது. விற்பது டீதான். ஆனாலும் ஒருத்தர் கடை டீயை இன்னொருத்தர் தர முடியாது. ஆகவே ஒவ்வொரு கடைக்காரரும் போட்டியாளர்தான், தன் டீக்குத் தானே குட்டி ராஜாவும்தான். சேம்பர்லின் சொன்னது இதைத்தான். இங்கிலாந்தில் ஜோன் ராபின்சன் அம்மையாரும் இதற்கு நெருங்கிய ஒரு நூலை அதே 1933-இல் வெளியிட்டார். இரண்டும் ஒன்றல்ல என்று எடுத்துச் சொல்வதிலேயே சேம்பர்லினுக்குப் பல ஆண்டுகள் போயின.

சீட்டுக்கட்டுச் சந்தை

அவர் செய்த இன்னொரு காரியம்தான் என்னைப் பிடித்து நிறுத்தியது. வானியல் மாதிரி பொருளாதாரமும் பார்க்க மட்டுமே முடிந்த படிப்பு, ஆய்வுக்கூடத்தில் வைத்துச் சோதிக்க முடியாதது என்று அந்தக் காலத்தில் பலரும் நம்பினார்கள். சேம்பர்லின் தம் வகுப்பறையையே ஆய்வுக்கூடம் ஆக்கிவிட்டார்.

மாணவர்களில் பாதிப் பேர் வாங்குபவர், பாதிப் பேர் விற்பவர். ஆளுக்கு ஒரு சீட்டு. வாங்குபவர் சீட்டில் அவர் அதிகபட்சம் தரக்கூடிய விலை இருக்கும். விற்பவர் சீட்டில் அதற்குக் கீழே விற்கக்கூடாது என்ற விலை இருக்கும். சீட்டை யாருக்கும் காட்டக்கூடாது. வகுப்புக்குள் நடந்து, ஆளைப் பிடித்து, பேரம் பேசி, முடிந்ததும் விலையை வந்து சொல்ல வேண்டும். அவ்வளவுதான்.

இதில் என்ன பெரிய விஷயம்? நிஜச் சந்தையில் ஒவ்வொருத்தர் மனசிலும் இருக்கிற கடைசி விலை நமக்குத் தெரியாது. அதனால் கோட்பாடு சரியா தப்பா என்று அடித்துச் சொல்ல முடியாது. இங்கே அந்த விலையை எழுதிக் கொடுத்தவரே ஆசிரியர்தான். எத்தனை பேரம் முடிய வேண்டும், எந்த விலையில் முடிய வேண்டும் என்று கோட்பாடு சொல்வதை முன்கூட்டியே கணக்குப் போட்டுவிடலாம். நாம் ஆய்வுக்கூடத்தில் மின்தடையைத் தெரிந்துகொண்டு, மின்னழுத்தத்தைக் கொடுத்து, அம்மீட்டரைப் பார்க்கிறோமே, அதே வேலைதான்!

1948-இல் இதைக் கட்டுரையாக வெளியிட்டார். மொத்தம் 46 சோதனைகள். அவற்றில் 42-இல் கோட்பாடு சொன்னதைவிட அதிக பேரங்கள் முடிந்தன. மீதி 4-இல் சமமாக இருந்தன. ஒன்றில்கூடக் குறையவில்லை. சராசரி விலை 39 தடவை சமநிலை விலைக்குக் கீழே, 7 தடவை மேலே. பாடப்புத்தகத்தின் நிறைவுப் போட்டி நிஜத்தில் அப்படியே நடக்காது என்ற அவருடைய எண்ணத்துக்கு இது வலு சேர்த்தது.

பேரம் அதிகமாக நடந்தால் நல்லதுதானே என்று எனக்கும் தோன்றியது. விடுதி அறையில் நாலு பேர் உட்கார்ந்து, நாலே சீட்டு எழுதிப் பார்த்தோம். வாங்குபவர் இருவர், சீட்டு 100, 60. விற்பவர் இருவர், சீட்டு 50, 90. முதலில் காதோடு காதாகப் பேசினோம். 100-காரன் 90-காரனிடம் மாட்டினான், 95-க்கு முடிந்தது. 60-காரன் 50-காரனைப் பிடித்தான், 55-க்கு முடிந்தது. பேரம் ரெண்டு. ஆனால் ஒவ்வொருவருக்கும் லாபம் வெறும் 5, ஆக மொத்தம் 20.

பிறகு எல்லோரும் விலையைச் சத்தமாகச் சொல்ல வேண்டும் என்று வைத்தோம். 100-காரனும் 50-காரனும் ஒருத்தரை ஒருத்தர் கண்டுபிடித்து 75-க்கு முடித்துக்கொண்டார்கள். பேரம் ஒன்றுதான். லாபமோ 50! மற்ற இருவரும் வெறுங்கையோடு நின்றார்கள். ஆகவே சத்தமாகப் பேசினால் எல்லோருக்கும் நல்லது என்று சொல்லிவிட முடியாது. ஆனால் முதல் ஆட்டத்தில் 55-க்கு விற்றவனைப் பாருங்கள். அவன் முட்டாள் இல்லை. பத்தடி தள்ளி 95 தர ஒரு ஆள் இருந்தது அவன் காதுக்கு வரவில்லை. எனக்குத் துண்டு ஞாபகம் வந்தது.

மாணவர் தொடர்ந்தார்

சேம்பர்லின் அந்தக் கட்டுரையோடு நிறுத்திக்கொண்டார். சோதனையை வகுப்பில் ஒரு பயிற்சியாகவே வைத்திருந்தார். மாணவர்களில் பலர் அதை ஒரு விளையாட்டாகத்தான் எடுத்துக்கொண்டார்கள். 1952 வாக்கில் அந்த வகுப்பில் இருந்தவர் வெர்னான் ஸ்மித். கால்டெக்கில் மின் பொறியியல் முடித்தவர். அவருக்கும் அப்போது அது பெரிதாகப் படவில்லை. சில ஆண்டுகள் கழித்து ஒரு ராத்திரி தூக்கம் வராமல் படுத்திருந்தபோதுதான் பொறி தட்டியது. சேம்பர்லினின் யோசனை சரி, ஆனால் சந்தையின் விதியை மாற்றினால் என்ன ஆகும்?

1956 ஜனவரியில் பர்டியூ பல்கலைக்கழகத்தில் தம் மாணவர்களை வைத்துச் செய்து பார்த்தார். இரண்டே மாற்றம். ஒன்று, பங்குச் சந்தை மாதிரி எல்லோரும் தங்கள் விலையை எல்லோருக்கும் கேட்கும்படி கூவ வேண்டும். இரண்டு, அதே சீட்டுகளோடு சந்தையைத் திரும்பத் திரும்ப நடத்த வேண்டும். விலைகள் சுற்றுக்குச் சுற்று நெருங்கி, சமநிலை விலைக்குப் பக்கத்தில் வந்து நின்றன. 1962-இல் அதை வெளியிட்டார். ஆசிரியர் தப்பு என்று காட்ட முயன்ற கோட்பாட்டை, ஆசிரியரின் கருவியை வைத்தே மாணவர் பெருமளவு காப்பாற்றிக் கொடுத்துவிட்டார்! அப்படியானால் சேம்பர்லின் தோற்றாரா? இல்லை. காதோடு காதாகப் பேசும் சந்தைக்கு அவர் கண்டது உண்மை. கூவிப் பேசும் சந்தைக்கு ஸ்மித் கண்டது உண்மை. இருவரையும் சேர்த்துப் படித்தால் ஆளைப் பொறுத்து மட்டுமில்லை, விதியைப் பொறுத்தும் விலை மாறும் என்பது விளங்கும்.

இதன் பயன்

சும்மா விளையாடினால் மனிதர்கள் கவனமாக இருப்பார்களா என்ற கேள்வி வந்தது. அதனால் பின்னாளில், பேரத்தில் கிடைக்கும் லாபத்தை மாணவர்களுக்கு நிஜப் பணமாகவே கொடுக்கும் முறை வந்தது. விமானத்தைப் பறக்க விடுவதற்கு முன் காற்றுச் சுரங்கத்தில் வைத்துப் பார்ப்பதுபோல, புதுச் சந்தை விதிகளையும் முதலில் ஆய்வுக்கூடத்தில் ஓட்டிப் பார்க்கத் தொடங்கினார்கள். அமெரிக்க அரசு 1994-இல் தொடங்கிய அலைக்கற்றை ஏலத்தின் விதிகள் அப்படிச் சோதிக்கப்பட்டவை. மின்சாரத்தை வாங்கி விற்கும் சந்தைகளுக்கான விதிகளையும் ஸ்மித் இப்படிச் சோதித்துப் பார்த்தார். மின்னியல் மாணவர்களே, கவனியுங்கள்! நாளைக்கு நாம் வேலை பார்க்கப்போகும் துறையும் இதில் இருக்கிறது.

2002-இல் வெர்னான் ஸ்மித்துக்கு நோபல் பரிசு, டேனியல் கானெமன் என்ற அறிஞரோடு பகிர்ந்து, கிடைத்தது. அதைப் பார்க்க ஆசிரியர் உயிரோடு இல்லை. 1967 ஜூலை 16-ஆம் தேதி, ஹார்வர்ட் இருக்கும் கேம்பிரிட்ஜ் நகரிலேயே சேம்பர்லின் காலமானார். பொருளாதாரத்துக்கு நோபல் பரிசு கொடுக்கத் தொடங்கியதே 1969-இல்தான்.

முடிவாக ஒன்று. அந்த 38,000 ரூபாய் மாடும் எங்க மாடும் ஒரே தரம்தானா என்று எனக்கு இன்னும் தெரியாது. தரகரைக் குற்றம் சொல்லவும் என்னிடம் ஆதாரம் இல்லை. நிஜச் சந்தையில் அதுதான் கஷ்டம், அதனால்தான் சோதனை வேண்டியிருக்கிறது. ஆனால் ஒன்று தெரியும். துண்டுக்குள் கையை விட்ட யாருக்கும் பக்கத்துத் துண்டுக்குள் நடப்பது தெரியாது. எவ்வளவு விவரமானவருக்கும் தெரியாது.

போன பொங்கல் விடுமுறையில் அந்த நாலு சீட்டையும் வீட்டுக்கு எடுத்துப் போய் அப்பாவுக்கு விளக்கினேன். எழுத்துக் கூட்டிப் படிப்பவர், கணக்கில் கெட்டி. ரெண்டு ஆட்டத்தையும் பார்த்துவிட்டு, அந்த 50 சீட்டைக் கையில் எடுத்து வெகுநேரம் வைத்திருந்தார். நான் மன்னிப்புக் கேட்கவில்லை. ஆனால் எதற்காக அந்தச் சீட்டை எடுத்துப் போனேன் என்று அவருக்குப் புரிந்திருக்கும் என்று நினைக்கிறேன்.