கல் பொறுக்கிய துரை



பரிசளிப்பு விழா மலருக்கு ஒரு பெரியவரின் வாழ்க்கையை எழுதித் தரும்படி கேட்டார்கள். காந்தியடிகளையும் பாரதியாரையும் நீங்கள் நிறையப் படித்துவிட்டீர்கள். ஆகவே இந்தத் தடவை ஒரு வெள்ளைக்காரத் துரையைப் பற்றி எழுதுகிறேன். துரை என்றதும் முகத்தைச் சுளிக்காதீங்க. பெரட்டுக் களத்தில் நின்று அதட்டுகிற துரையல்ல இவர். வேகாத வெயிலில் தமிழ்நாட்டுக் காடுமேடெல்லாம் நடந்து கல் பொறுக்கினவர். பெயர் ராபர்ட் புரூஸ் ஃபூட்.

1834ஆம் ஆண்டு செப்டம்பர் மாதம் இங்கிலாந்தில் செல்டன்ஹாம் என்னும் ஊரில் பிறந்தார். 1858இல் இந்திய நிலவியல் ஆய்வுத் துறையில் சேர்ந்து சென்னைக்கு வந்தார். எந்த இடத்தில் என்ன பாறை, எங்கே என்ன மண் என்று பார்த்துப் படம் வரைவதுதான் அவருடைய உத்தியோகம். அவர் கட்டிக்கொண்டது யார் மகளைத் தெரியுமா? பீட்டர் பெர்சிவல் பாதிரியாரின் மகளை. யாழ்ப்பாணத்தில் இருந்துகொண்டு பைபிளைத் தமிழில் பெயர்த்தாரே, ஆறுமுக நாவலர் அவருக்குத் துணையாக இருந்தாரே, அந்தப் பெர்சிவல்தான். நம் பழமொழிகளைத் திரட்டிப் புத்தகம் போட்டவரும் அவரே. அப்படிப்பட்ட வீட்டுக்கு மருமகன் ஆனவர் ஃபூட்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். 1863ஆம் ஆண்டு மே மாதம் 30ஆம் தேதி. சென்னைக்குத் தெற்கே பல்லாவரத்தில் பட்டாளம் தங்கியிருந்த இடம். அதன் பக்கத்தில் செம்பரளை தோண்டின ஒரு குழி. நம் தோட்டத்துச் செம்மண் சாலையில் மழை பெய்தால் காலில் ஒட்டுமே, ஏறக்குறைய அந்த ஜாதிக் கல்லும் மண்ணும்தான். கூலியாட்கள் தோண்டிக் கரையில் கொட்டியிருந்த குவியலில் ஒரு கல் ஃபூட்டின் கண்ணில் பட்டது. உள்ளங்கைக்கு அடங்குகிற கல். ஒரு பக்கம் கூர், இரண்டு ஓரமும் சில்லுச் சில்லாகப் பெயர்த்து எடுத்திருந்தது. வெள்ளத்தில் உருண்ட கல் வழுவழுவென்று இருக்கும். தானாக உடைந்த கல் கண்டபடி உடையும். இதுவோ இந்தப் பக்கம் ஒரு தட்டு, அந்தப் பக்கம் ஒரு தட்டு என்று கணக்காகத் தட்டின கல். மனிதன் கை வேலை! அதைத்தான் இன்று கைக்கோடாரி என்கிறோம். அப்போது அவருக்கு வயது 28.

அந்தக் குழியைத் தோண்டினவர்கள் பெயர் எந்தப் புத்தகத்திலும் இல்லை. கல்லை வெளியே கொண்டு வந்தது அவர்கள் மண்வெட்டிதான். அதை இந்த மலரிலாவது சொல்லி வைக்கிறேன்.

ஒரு கல்லைப் பார்த்ததற்கு இவ்வளவு பெரிய பேச்சா என்று கேட்பீர்கள். அந்தக் காலத்து நிலைமையை நினைத்துப் பாருங்கள். உலகம் கி.மு. 4004இல் படைக்கப்பட்டது என்று ஐரோப்பாவில் ரொம்பப் பேர் நம்பியிருந்த காலம். அந்தக் கணக்கில் மனித குலத்துக்கே ஆறாயிரம் வருஷத்துக்கு மேல் வயது கிடையாது. 1859இல்தான் டார்வின் தம் நூலை வெளியிட்டார். அதே வருஷம் இங்கிலாந்து அறிஞர் சிலர் பிரான்ஸ் தேசத்துக்குப் போய், அழிந்துபோன மிருகங்களின் எலும்போடு கல்லாயுதமும் கிடப்பதைக் கண்ணால் கண்டு ஒப்புக்கொண்டார்கள். ஆனால் அதெல்லாம் ஐரோப்பாக் கதை. ஆசியாவில், அதுவும் நம் தமிழ் மண்ணில், அவ்வளவு பழைய மனிதன் நடமாடினான் என்று சொல்ல ஆள் இல்லை. பல்லாவரத்துக் கல் சொல்லிவிட்டது.

கிடைத்தது ஒன்றுதானே, தற்செயலாக இருக்கும் என்று தள்ளிவிட முடியாதபடி ஃபூட் மேலும் தேடினார். அதே வருஷம் செப்டம்பர் 28ஆம் தேதி, வில்லியம் கிங் என்ற தம் சக உத்தியோகஸ்தரோடு கொற்றலை ஆற்றுப் பக்கம் போனபோது, அத்திரம்பாக்கம் என்ற சிற்றூரில் குவியல் குவியலாகக் கல்லாயுதம் கண்டார்கள். சென்னைக்கு வடமேற்கே சுமார் 60 கிலோமீட்டர். கல் தரையில் கிடந்ததா, மண் படிவத்துக்குள் புதைந்திருந்ததா என்று பிரித்துப் பிரித்து எழுதி வைத்தார். அவருடைய பெருமையே அங்கேதான் இருக்கிறது என்பது என் எண்ணம். கல் பொறுக்குகிறவன் ஆயிரம் பேர் உண்டு. எங்கே, எந்த மண்ணில் எடுத்தான் என்று எழுதி வைத்தவன்தான் அபூர்வம்.

அந்தக் கல்லுக்கு என்ன வயது? ஃபூட்டால் அதைச் சொல்ல முடியவில்லை. அளக்கக் கருவி கிடையாது. 1999இலிருந்து சாந்தி பப்பு என்ற அம்மையார் தம் குழுவோடு அத்திரம்பாக்கத்தை மறுபடி தோண்டினார். ஆகாயத்திலிருந்து காஸ்மிக் கதிர்கள் எப்போதும் பூமியில் விழுந்துகொண்டிருக்கின்றன. வெட்ட வெளியில் கிடக்கும் கல்லுக்குள் அவை சிலவகை அணுக்களை உண்டாக்கும். கல் ஆழத்தில் புதைந்துவிட்டால் புதிதாக உண்டாவது நின்றுபோகும். ஏற்கெனவே இருப்பது கொஞ்சம் கொஞ்சமாகத் தேயும். மிச்சத்தை அளந்தால் கல் புதைந்து எத்தனை காலம் ஆயிற்று என்று கணக்குப் போடலாம். அப்படி அளந்து 2011இல் வெளியிட்ட முடிவு: சுமார் 15 லட்சம் ஆண்டுகள்!

மாணவர்களே, 15 லட்சம் என்று சுலபமாக எழுதிவிடலாம், மனசில் பிடிபடாது. பால் மரத்தை வைத்துப் பார்ப்போம். ஒரு மரம் ஆயிரம் வருஷம் என்று வைத்துக்கொள்ளுங்கள். உங்கள் அம்மாவோ பாட்டியோ விடியற்காலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு நிரையில் இறங்கி, ஒரு நாளைக்கு ஐந்நூறு மரம் வெட்டுவதாக எடுத்துக்கொள்வோம். நம் பாட்டன்மார் கப்பலேறி இந்தப் பக்கத்துத் தோட்டங்களுக்கு வந்த காலம் முதல் மரத்தில் ஐந்தில் ஒரு பங்குகூட இல்லை. தமிழை எழுத்தாகப் பொறித்தது இரண்டு மரம் தாண்டி. மனிதன் பயிர் செய்யப் பழகியது பத்துப் பன்னிரண்டாவது மரம். நம்மைப் போன்ற மனித இனம் ஆப்பிரிக்காவில் தோன்றியது முந்நூறாவது மரம். அத்திரம்பாக்கத்துக் கைக்கோடாரிக்குப் போக முழுசாக மூன்று நாள் வெட்டு வெட்ட வேண்டும். கென்யா தேசத்தில் கிடைத்த, இதுவரை தெரிந்ததில் ஆகப் பழைய கல்லாயுதத்துக்கு, 33 லட்சம் வருஷம், ஏறக்குறைய ஒரு வாரம்!

கணக்கைக் கவனித்தீர்களா? கோடாரி செய்தவன் நம் இனம் தோன்றுவதற்கு வெகு காலம் முந்தியவன். நம் மேடைகளில் சிலர் தமிழன்தான் உலகத்தின் முதல் மனிதன் என்று முழங்குவதுண்டு, கைதட்டலும் கிடைக்கும். பிள்ளைகள் அதைப் பரீட்சையில் எழுதிவிடக் கூடாது. அத்திரம்பாக்கத்தில் அந்த மனிதனின் எலும்பு ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. அவன் என்ன பேசினான், பேசினானா என்பதும் தெரியாது. அந்த மண்ணில் அத்தனை காலமாகக் கை உழைத்திருக்கிறது என்பது மட்டும் உறுதி. அந்தப் பெருமை நமக்குப் போதாதா?

இன்னொரு கேள்வியும் பெற்றோர்களிடமிருந்து வரும். குரங்கிலிருந்து மனிதன் வந்தான் என்று பிள்ளைக்குச் சொல்லிக் கொடுக்கிறீங்களே வாத்தியாரே, என்பார்கள். இன்று மரத்தில் தாவுகிற குரங்கு நமக்குப் பாட்டன் அல்ல, ஐயா. வெகு காலத்துக்கு முந்திய ஒரு மூதாதையிடமிருந்து பிரிந்த இரண்டு கிளைகள். நமக்கு அது தூரத்துப் பங்காளி. அவ்வளவுதான்.

நம்ம ஊர் சங்கதியையும் சொல்லாமல் போனால் குறை. அதே 1863இல், கரைக்கு அந்தப் பக்கம் புரோவின்ஸ் வெல்லஸ்லியில் இருந்த சிப்பி மேடுகளைப் பற்றி ஏர்ல் என்ற அதிகாரி லண்டனில் கட்டுரை வெளியிட்டார். அங்கே கிடைத்த மனித எலும்புகளை ஹக்ஸ்லி என்ற பேரறிஞர் ஆராய்ந்து எழுதினார். செபராங் பிறையில் பெனாகா பக்கம் இருக்கும் குவார் கெப்பாதான் அந்த இடம். சிப்பியைச் சுண்ணாம்புக்காக வாரி வாரி மேடு கரைந்துபோயிற்று. மிஞ்சிய இடத்தில் 2017இல் ஒரு பெண்ணின் எலும்புக்கூடு கிடைத்தது. ஐயாயிரம் வருஷத்துக்கு மேல் பழமை. பினாங்குப் பெண் என்று பெயரிட்டிருக்கிறார்கள். நம் மரக் கணக்கில் ஆறாவது மரத்தைத் தாண்டாத சின்னப் பெண்!

ஃபூட்டுக்கு மட்டும் பழைய மனிதனின் எலும்பு கிடைக்கவே இல்லை. 1884இல், அதே ஹக்ஸ்லியின் தூண்டுதலால், கர்னூல் பக்கத்துக் குகைகளைத் தோண்டும் வேலை அவருக்கு வந்தது. மகன் ஹென்றியும் கூட இருந்து தோண்டினார். மிருக எலும்பு ஏராளம். தேடின ஆள் மட்டும் கிடைக்கவில்லை. 1891இல் துறையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகும் சும்மா இருக்கவில்லை. பரோடா, மைசூர் சமஸ்தானங்களுக்குப் பாறை ஆராய்ந்து கொடுத்தார். போன இடமெல்லாம் கல் பொறுக்கினார். நானூறுக்கும் அதிகமான இடங்கள். சேர்த்த அத்தனையும் 1904இல் சென்னை எழும்பூர் மியூசியத்துக்குப் போயிற்று.

முதுமையில் சேலத்துப் பக்கம் ஏற்காட்டு மலையில் குடியிருந்தார். ஒவ்வொரு கல்லும் எந்த ஊரில் எடுத்தது என்று பட்டியல் எழுதுவதுதான் கடைசிக் கால வேலை. அச்சில் பார்க்கக் கொடுத்து வைக்கவில்லை. 1912 டிசம்பர் 29ஆம் தேதி கல்கத்தாவில் காலமானார். பட்டியல் 1914இலும், விளக்கக் குறிப்புகள் 1916இலும் வெளிவந்தன.