டெலிவிஷன் முன் அமர்ந்த புத்தர்

டெலிவிஷன் பெட்டி என்றால் செய்தியும் நாடகமும் பார்ப்பதற்கே என்று உலகம் எண்ணியிருந்த காலம். அந்தப் பெட்டியையே கலைப்பொருளாக மாற்றிக் காட்டினார் நாம் ஜூன் பைக். வீடியோ கலையின் தந்தை என்று போற்றப்படுபவர் இவர்.

1932-ம் ஆண்டு கொரியாவின் சியோல் நகரில், வசதியான வியாபாரக் குடும்பத்தில் பிறந்தார். சிறு வயதிலேயே பியானோ பயின்றார். 1950-ல் கொரியப் போர் மூண்டது. குடும்பம் ஊரைவிட்டு வெளியேறி, ஹாங்காங் வழியாக ஜப்பான் போய்ச் சேர்ந்தது. டோக்கியோ பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்ற பைக், மேற்படிப்புக்காக ஜெர்மனி சென்றார். போனது சங்கீதம் படிக்க. கை வைத்ததோ டெலிவிஷனில்!

1963-ல் உப்பர்டால் நகரில் பழைய டெலிவிஷன் பெட்டிகளைக் கொண்டு கண்காட்சி நடத்தினார். உள்ளே இணைப்புகளை மாற்றி, படங்களைக் கோணல்மாணலாக ஓடவிட்டார். மறு ஆண்டு நியூயார்க்கில் குடியேறினார். 1965-ல் பெட்டியின் மேல் பெரிய காந்தம் ஒன்றை வைத்தார். காந்தத்தின் இழுப்பில் திரையின் ஒளி வளைந்து, புதுப்புதுக் கோலங்கள் தோன்றின.

1974-ல் வந்தது அவரது புகழ்பெற்ற படைப்பு. பழைய புத்தர் சிலை ஒன்று. எதிரே டெலிவிஷன். காமிரா சிலையைப் படம் பிடிக்க, புத்தர் திரையில் தம்மையே பார்த்தபடி அமர்ந்திருக்கிறார். பார்ப்பவர் யார், பார்க்கப்படுபவர் யார்? தேசம் விட்டு தேசம் போய், பாஷை மாறி, தொழில் மாறி வாழ்ந்தவருக்கு அது வெறும் வேடிக்கை அல்ல, சொந்தக் கேள்வி.

1984 புத்தாண்டு தினத்தன்று நியூயார்க்கையும் பாரிசையும் செயற்கைக்கோள் வழியே இணைத்து நிகழ்ச்சி நடத்தினார். அதே ஆண்டு, 34 ஆண்டுகளுக்குப் பின் தாய்நாட்டு மண்ணை மிதித்தார். பையனாகப் போனவர், கலைஞராகத் திரும்பினார். 1988-ல் 1,003 டெலிவிஷன் பெட்டிகளை அடுக்கிக் கோபுரம் ஒன்றை அங்கே எழுப்பினார். 1993-ல் வெனிஸ் கலை விழாவிலோ, ஜெர்மனியின் சார்பில் பங்கேற்றுப் பரிசு பெற்றார்.

1996-ல் பக்கவாதம் தாக்கியது. சக்கர நாற்காலியில் இருந்தபடியே வேலையைத் தொடர்ந்தார். 2006 ஜனவரி 29-ல் அமெரிக்காவின் மயாமி நகரில், 73-வது வயதில் காலமானார். அவரது அஸ்தி சியோல் நகரின் புத்தர் கோயில் ஒன்றில் வைக்கப்பட்டது. உலகைச் சுற்றிய கலைஞர் பிறந்த ஊர் வந்து சேர்ந்தார்.